புத்தளக் கடற்கரையும் பத்திராஜவின் திரைப்படங்களும்

புத்தளம் கடனீரேரிக்கும் திறந்த கடலுக்கும் இடையே வடக்கு நோக்கி நீண்டு கிடக்கும் கற்பிட்டிக் குடாநாடு, இலங்கையின் சமூக வரலாற்றை ஆராய்வோர் அதிகம் கவனியாது விட்ட நிலப்பகுதிகளுள் ஒன்றாகும். 1667இல் ஒல்லாந்தர் இங்கு கோட்டை கட்டத் தொடங்கியது, கண்டி இராச்சியத்தின் கடல்வழி வணிகத்தை மறிப்பதற்காகும். வணிகரும் கடற்றொழிலாளரும் மதகுருமாரும் வந்து சேர்ந்து கலந்த கரை இது. தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட முஸ்லிம்கள், தமிழ் பேசும் கத்தோலிக்கர், தெற்கே உடப்பிலே திரௌபதை அம்மனுக்குத் தீமிதிக்கும் இந்துக்கள், சிலாபத்திலும் நீர்கொழும்பிலும் இருந்து பருவத்துக்குப் பருவம் வந்து வாடி அமைத்துத் தங்கும் மீனவர் எனப் பலதிறத்தாரும் இங்கு வாழ்கின்றனர். இறுதியாகக் கூறப்பட்டோரிற் பெரும்பாலோரின் முன்னோர் தமிழ் பேசியோரே. கோவில், பள்ளிக்கூடம், தேசிய அரசியல் ஆகியவற்றின் வழியாக இருபதாம் நூற்றாண்டில் அவர்கள் சிங்களமொழியாளராக மாறினர். தலவில அன்னம்மாள் திருவிழாவிலே இரு மொழிகளிலும் மன்றாட்டு ஒலிப்பதைக் கேட்போர் இம்மாற்றத்தின் இரு கரைகளையும் ஒருங்கே காணலாம்.

இக்கரையிலே நிகழும் கதையொன்றைத் தர்மசேன பத்திராஜ 1978இல் 'பம்பரு அவித்' என்ற பெயரிற் சிங்களத் திரைப்படமாக வெளியிட்டார். இலங்கைச் சினிமாவின் பொன்விழாவையொட்டி 1997இல் தெரிவுசெய்யப்பட்ட சிறந்த பத்துப் படங்களுள் இதுவும் ஒன்று. சிங்கள விமர்சகர் இப்படத்தைப் பற்றி நிரம்ப எழுதியுள்ளனர். தமிழிலோ, 'பொன்மணி'யைத் தமிழில் எடுத்த சிங்கள நெறியாளர் என்ற ஒற்றைத் தொடருடன் பத்திராஜ பற்றிய பேச்சு பெரும்பாலும் முடிந்துவிடுகிறது. அவ்விரு படங்களும் ஒரே மனத்தின் அடுத்தடுத்த முயற்சிகள் என்பதும், அவற்றை ஆக்கிய சூழல் மிகக் குறுகிய காலமே நிலவியது என்பதும் நாம் ஈண்டு ஆராயப் புகுவன.

'சுதந்திர நெறியாளர்' என்ற தொடரை நாம் சற்று ஐயத்துடனேயே கையாள வேண்டியுள்ளது. தனது படத்தின் கதை, காட்சி, நோக்கு அனைத்துக்கும் தானே ஆசிரியனாக நிற்கும் கலைஞன் என்ற கருத்து, ஐரோப்பாவிற் பிரான்சிய விமர்சகரால் வகுக்கப்பட்டு ஜெர்மனியில் ஓர் இயக்கமாக வடிவுற்றது. 1962இல் ஓபர்ஹவுசன் நகரிற் கூடிய 26 இளம் நெறியாளர் பழைய வணிகச் சினிமா இறந்துவிட்டதென அறிக்கை விடுத்தனர். அவ்வறிக்கை வெறுங் குரலாகப் போய்விடவில்லை. 1965இல் இளம் நெறியாளருக்குக் கடனுதவி வழங்கும் அரச நிறுவனமொன்று தோன்றிற்று. பின்னர்த் தொலைக்காட்சி நிலையங்கள் பணமளித்தன. ரைனர் வேர்னர் ஃபாஸ்பிண்டர் 1982இல் தமது 37ஆவது வயதில் மறையுமுன் நாற்பதுக்கு மேற்பட்ட படைப்புக்களை ஆக்க முடிந்ததென்றால், அதற்கு அவரது அசுர உழைப்பு மாத்திரமே காரணமன்று. சுதந்திர நெறியாளனின் பின்னால் எப்போதும் ஒரு கடன் ஏடு இருக்கிறது.

இலங்கையில் அத்தகைய ஏடு திறக்கப்பட்டது 1972இல் ஆகும். ஐக்கிய முன்னணி அரசாங்கம் நிறுவிய அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் இறக்குமதியையும் விநியோகத்தையும் தன்வசப்படுத்தி, உள்ளூர்த் தயாரிப்புக்குக் கடன் வழங்கத் தொடங்கிற்று. அதற்கு முன்னர் படம் எடுப்பதென்றால் விரல்விட்டு எண்ணத்தக்க சில விநியோக நிறுவனங்களின் தயவை நாடவேண்டும். முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' (1947) தென்னிந்தியாவிலே தயாரிக்கப்பட்டது என்பதும், 1956இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வை எடுத்தபோது கமெராவைக் கலையகத்துக்கு வெளியே கொண்டுவந்ததே புரட்சியாகக் கருதப்பட்டது என்பதும் நினைவிற்கொள்ளத் தக்கன.

பத்திராஜ 1943இற் கண்டியிற் பிறந்தவர். பேராதனைப் பல்கலைக்கழகத்தில் 1967இற் பட்டம் பெற்றவர். 'சத்துரோ' என்ற குறும்படம் (1969) அவரது தொடக்கம். 1971 ஏப்பிரல் கிளர்ச்சியில் ஆயிரக்கணக்கான இளைஞர் கொல்லப்பட்டும் சிறைப்பட்டும் போன பின்னர், 1974இல் அவரது முதல் முழுநீளப் படமான 'அஹஸ் கவ்வ' வெளிவந்தது. கொழும்பிலே வேலையற்றுத் திரியும் இளைஞரின் கதை அது. லெஸ்ரரின் படங்களிலே சிதைந்து செல்லும் வளவுகளின் துயரம் மென்மையாக இழையோடும். பத்திராஜவின் இளைஞருக்குச் சிதைவதற்கு வளவு எதுவும் இல்லை. இருப்பது பேருந்துத் தரிப்பிடமும் வாடகை அறையுமே. கல்வி கற்றும் தொழில் கிட்டாத அத்தலைமுறையைத் திரையிற் கேலியின்றியும் இரக்கமின்றியும் நோக்கிய முதற்படம் இதுவெனலாம். விஜய குமாரதுங்க, சிரில் விக்கிரமகே, அமரசிறி கலன்சூரிய, விமல் குமார டி கொஸ்தா ஆகியோர் அடங்கிய நடிகர் குழு அவருடன் படத்துக்குப் படம் தொடர்ந்தது. டொனால்ட் கருணாரத்னவின் ஒளிப்பதிவும் பிரேமசிறி கேமதாசவின் இசையும் அக்குழுவின் வலிமைக்குத் துணைநின்றன. ஃபாஸ்பிண்டரும் ஒரு நாடகக் குழுவையே திரைக்குக் கொண்டுசென்றவர் என்பதை இங்கு ஒப்புநோக்கலாம். தனிமனித முத்திரை எனப்படுவது பல வேளைகளில் ஒரு கூட்டத்தின் பழக்கமே.

யாழ்ப்பாண வளாகம் 1974இற் பேராசிரியர் க. கைலாசபதியின் தலைமையில் ஆரம்பிக்கப்பட்டது. அங்கு விரிவுரையாளராகச் சென்ற பத்திராஜ, காவலூர் இராசதுரையின் கதையைக் கொண்டு 'பொன்மணி'யை (1977) உருவாக்கினார். சாதிகடந்த காதலும், சீதனக் கொடுமையால் மணமின்றி நிற்கும் மூத்த சகோதரியும், பெருமை மட்டும் எஞ்சிய ஒரு குடும்பமும் அதன் பொருள். பல்கலைக்கழகத்துடன் தொடர்புடைய சிலரும் அதில் நடித்தனர். படம் வசூலில் தோற்றது. தென்னிந்தியப் படங்களின் விரைவுக்கும் பாட்டுக்கும் பழகிய எமது இரசிகர், மௌனமாக முற்றத்தையும் வேலியையும் நோக்கும் கமெராவைப் பொறுத்துக்கொள்ளவில்லை. நெறியாளர் தமிழ் வாழ்க்கையை வெளியாளாக நின்று பார்த்துவிட்டார் என்று குறை கூறுவது எளிது. ஆனால் உள்ளிருந்தோர் பேசத் தயங்கிய சாதியையே அவர் பேசினார் என்பதை எவ்வாறு மறுப்பது? அத்தோல்விக்கு நெறியாளரைக் காட்டிலும் நாமே கூடுதலாகப் பொறுப்புக் கூறவேண்டியவர்கள்.

யாழ்ப்பாணத்தின் வேலிகளைப் பார்த்த கண்ணே அடுத்து வேலியற்ற கற்பிட்டிக் கரைக்குச் செல்கிறது. 'பம்பரு அவித்' படத்தின் கதை சுருக்கமானது. நகரத்துச் செல்வ இளைஞன் விக்ரர் தனது நண்பருடன் மீனவக் கிராமமொன்றுக்கு வருகிறான். மீன் வணிகத்தைத் தன்வசமாக்க முனைகிறான். அக்கரையின் வணிகத்தைக் கட்டியாளும் அன்ரனுக்கும் அவனுக்கும் பகை மூள்கிறது. சிரில் என்ற மீனவனுக்கு உரியவளெனக் கருதப்பட்ட ஹெலனின் மனம் விக்ரர்பாற் செல்கிறது. கிராமம் வன்முறையிற் சிக்கித் துயரத்தில் முடிகிறது. விக்ரராக விஜய குமாரதுங்கவும், அன்ரனாக ஜோ அபேவிக்கிரமவும், ஹெலனாக மாலினி பொன்சேகாவும் நடித்தனர்.

'பம்பரா' என்ற சிங்களச் சொல் பாறைகளிற் கூடு கட்டும் பெருந்தேனீயைக் குறிக்கும். ஆங்கிலத் தலைப்பிலே அது குளவியாயிற்று. தமிழிலும் குளவி என்றே எழுதிவருகிறோம். குளவி என்றால் கொட்டுதல் மட்டுமே புலப்படும். தேனீ என்றால் மலரை நாடி வருதலும் உடன் தோன்றும். காதலும் சுரண்டலும் ஒரே வருகையில் அடங்கிய படத்துக்கு இரண்டாவது பொருளே பொருந்துமென எமக்குத் தோன்றுகிறது.

சங்க இலக்கியம் பயின்றோருக்கு இக்கதையின் அமைப்பு புதிதன்று. நெய்தற்றிணைப் பாடல்களிலே தேரேறி வரும் செல்வத் தலைவன் கானலிலே மீன் உணக்கும் மகளைக் காண்கிறான். நற்றிணையின் 45ஆம் பாட்டில் தோழி, தலைவியோ மீன்பிடிக்கும் பரதவர் மகள், அவனோ தேரோடும் மூதூரின் செல்வன் மகன் என இருவரின் நிலையையும் எதிரெதிரே நிறுத்தி, எம் வாழ்வு எமக்குப் போதுமென அவனைத் திருப்பி அனுப்ப முற்படுகிறாள். பத்திராஜ இப்பாட்டை அறிந்திருந்தார் என நாம் கூற வரவில்லை. கடற்கரைக்கு வெளியே திரண்ட செல்வம், கரையிலே பெண்ணையும் மீனையும் ஒருங்கே நாடி வரும் நிலைமை ஈராயிரம் ஆண்டுகளாக ஒரே கதையைப் பிறப்பித்து வந்துள்ளது என்பதே நமது கருத்து. வேறுபாடு யாதெனில், நெய்தற் பாட்டிலே தோழிக்கு நாவுண்டு. படத்திலோ ஹெலனுக்காகப் பேசுவார் எவருமிலர். அவளும் அதிகம் பேசுவதில்லை. ஆடவர் இருவரின் போட்டிக்குரிய பொருளாகவே அவள் பெரும்பாலும் நிற்கிறாள். அவளது விருப்பத்தை விருப்பமாகவே காட்ட நெறியாளர் துணிந்தார் என்பதை ஒப்புக்கொண்டாலும், இக்குறை குறையே.

படத்தின் மெய்யான பலம் அன்ரனைச் சித்திரித்த முறையிலேயே உள்ளது. அக்கரையின் பொருளாதாரத்தை அறிந்தோர் இதனை உடன் உணர்வர். தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் மேற்குக் கடல் கொந்தளிக்கும், தொழில் குன்றும். அம்மாதங்களிற் குடும்பத்தின் அரிசிக்கும் மருந்துக்கும் முதலாளியிடமே கைநீட்ட வேண்டும். அம்முற்பணத்துக்கு வட்டி கேட்கப்படுவதில்லை; ஆனால் பிடிக்கும் மீன் அவருக்கே செல்லவேண்டும், விலையும் அவர் இட்டதே. 1950களின் இறுதியில் இயந்திரப் படகும் நைலோன் வலையும் பரவியபோது இக்கடன் குறையவில்லை, பெருத்தது. முன்னர்க் கரைவலைச் சம்மாட்டியின் கீழ்ப் பங்குக்கு இழுத்தவன், இப்போது இயந்திரத்தின் கடனுக்காக இழுக்கலானான். பத்திராஜ இவ்வுறவைப் பழைய நல்லொழுக்கமாகவும் காட்டவில்லை, வெறுங் கொடுமையாகவும் காட்டவில்லை. அன்ரன் அம்மக்களுள் ஒருவன். அவர்கள் மரணத்துக்கும் மணத்துக்கும் வந்து நிற்பவன். அதனாலேயே அவனிடமிருந்து தப்புதல் அரிது. விக்ரர் கொண்டுவருவது விடுதலை அன்று, வேறொரு முதலாளி. இரண்டு சுரண்டல்களுக்கும் இடையே மக்கள் பக்கம் பிரிந்து மோதும் காட்சிகள், ஈண்டு வர்க்கம் என்ற சொல்லை உச்சரியாமலேயே அதனைப் புலப்படுத்துகின்றன. அக்காலத்தின் பெருங் கவர்ச்சி நடிகரான விஜயவைச் சுரண்டுவோனாக நிறுத்தியதும் தேர்ந்த செயலே. பார்ப்போன் தன்னையறியாமல் விக்ரர் பக்கம் சாய்கிறான். பின்னர்த் தன் சாய்வுக்கு நாணுகிறான்.

1977 யூலையில் ஆட்சி மாறித் திறந்த பொருளாதாரம் அறிவிக்கப்பட்டதையும் 1978இல் இப்படம் வெளிவந்ததையும் இணைத்து, இது புதிய கொள்கையின் மீதான தாக்குதலே எனச் சிலர் எழுதியுள்ளனர். பார்வையாளர் அவ்வாறு கண்டது இயல்பு. ஆயின் மீன்கரையிலே வெளி மூலதனம் புகுந்த வரலாறு அக்கொள்கையினும் முந்தியது.

விக்ரரின் நண்பருள் ஒருவனான வீரசேன இடதுசாரிச் சொற்களை மனப்பாடம் செய்தவன். கேட்பாரற்ற கடற்கரையில் அவன் நிகழ்த்தும் உரை இப்படத்தின் புகழ்பெற்ற காட்சி. அவன் கூறுவன பிழையல்ல. கூறும் இடமும் கூறுவோனுமே பிழை. விக்ரரின் வாகனத்தில் வந்திறங்கி, அவன் செலவிலே உண்டு, மக்களுக்கு விடுதலை போதிப்பவன் அவன். பத்திராஜ தாமும் இடதுசாரி. தமது குழுவுடன் நகரிலிருந்து கமெரா சகிதம் அதே கரைக்கு வந்தவர். ஆகவே இவ்வங்கதம் தம்மையும் உள்ளடக்கியது என நாம் கொள்கிறோம். முற்போக்கு எழுத்துலகில் வாழும் நம்மில் எத்தனைபேர் வீரசேனவை மனக்குறுகலின்றிப் பார்க்க முடியும்?

ஒரு கேள்வியை ஒதுக்கிவிட இயலாது. படத்தின் மொழி சிங்களம்; அதன் மாந்தர் கத்தோலிக்கர். கற்பிட்டியிலே அத்தகைய குடியிருப்புக்கள் உண்டாதலின் இதில் உண்மைப் பிழை இல்லை. எனினும் அதே குடாநாட்டின் தமிழ் பேசும் முஸ்லிம்களும் மீனவரும் கதையின் மையத்துக்கு வரவில்லை. அவ்வாண்டிலேயே, செங்கை ஆழியானின் நாவலைத் தழுவி பிரேம்நாத் மொறாயஸ் நெறியாண்ட 'வாடைக்காற்று' தமிழில் வெளிவந்தது. பருவகாலத்திற் பிற ஊரிலிருந்து வந்து வாடியமைக்கும் மீனவரும், அவர்தம் வருகையாற் கிளரும் காதலும் பகையுமே அதன் பொருளும். ஒரே தொழில், ஒரே கடல், ஒரே ஆண்டு. இரு மொழிகளில் இரு படங்கள். இவ்விரண்டையும் அருகருகே வைத்து ஆராயும் முயற்சி நமது பல்கலைக்கழகங்களின் எந்த மொழித்துறைக்கு உரியது என்று தெரியாததே அது நிகழாமைக்குக் காரணமோ என ஐயுறுகிறோம்.

'பார திகே' (1980), 'சொல்தாது உன்னெஹே' (1981) ஆகியன தொடர்ந்தன. பின்னையது, உலகப் போரிலே பணிபுரிந்து கைவிடப்பட்ட முதிய போர்வீரன் ஒருவனையும், அவனைப் போன்றே சமூகத்தின் விளிம்பில் வாழும் சிலரையும் சுதந்திர தினத்தின் கொண்டாட்டத்துக்கு எதிரே நிறுத்துகிறது. அதன்பின் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் அவரிடமிருந்து திரையரங்குக்குப் படம் வரவில்லை. 1974 முதல் 1981 வரை ஆறு முழுநீளப் படங்கள். பின்னர் 2000ஆம் ஆண்டளவிலேயே 'மத்து யம் தவச'. படைப்பூக்கம் வற்றியது என்பது பொருந்தாது. ஜெர்மன் நெறியாளருக்குக் கைகொடுத்த இரு தூண்களுள் ஒன்றான அரச கடன் இங்கு தளர்ந்தது. 1983இன் இனவன்செயல் இரு மொழிகளுக்கும் இடையே அவர் நடந்த பாதையை அடைத்தது. எஞ்சியது மற்றைய தூணான தொலைக்காட்சி. 'கடுல்ல' (1992) முதலிய தொடர்நாடகங்கள் வழியே அவர் அங்கு உழைத்தார். இடையில் வங்காளச் சினிமா பற்றிய ஆய்வுக்கு அவுஸ்திரேலியாவின் மொனாஷ் பல்கலைக்கழகத்திற் கலாநிதிப் பட்டமும் பெற்றார். 2006இல், கொழும்பையும் யாழ்ப்பாணத்தையும் இணைத்த புகையிரதப் பாதையின் நினைவைத் தேடும் ஆவணப்படமொன்றை ஆக்கினார். இறுதிப் படமான 'சுவரூப' கஃப்காவின் 'உருமாற்றம்' கதையைத் தழுவியது. 2018 சனவரி 28இல் அவர் காலமானார்.

அவர் விட்டுச்சென்ற கரை இதற்குள் வேறாகிவிட்டது. 1990இல் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களிற் பெருந்தொகையினர் புத்தளத்துக்கும் கற்பிட்டிக்கும் வந்து ஓலைக் கொட்டில்களிற் குடியேறினர். நுரைச்சோலையில் 900 மெகாவாற் நிலக்கரி மின்னிலையம் எழுந்தது. தீவுகள் உல்லாசப் பயண வலயத்துக்கெனக் குறிக்கப்பட்டன. கரைவலை இழுக்கும் பாடுகளுக்கு உரிமை கோரிப் போராட்டங்கள் நடந்தன.

சிங்கப்பூரிலுள்ள ஆசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் புதுப்பித்த 'பம்பரு அவித்' பிரதி, 2020இற் கான் திரைப்பட விழாவின் தொன்மைப் படப் பிரிவுக்குத் தெரிவுசெய்யப்பட்டது. பெருந்தொற்றினால் அவ்வாண்டு அக்கடற்கரை நகரில் விழா வழமைபோல் நடைபெறவில்லை.