எந்திர மனிதனும் ஊழியமும்

1933ஆம் ஆண்டு யூன் மாதத்தில் வோல்ட் டிஸ்னியின் படக்கூடத்திலிருந்து ஏழு நிமிட நேரமே ஓடும் கேலிச்சித்திரப் படமொன்று வெளிவந்தது. 'மிக்கியின் எந்திர மனிதன்' என அதன் பெயரைத் தமிழிற் கூறலாம். வில்பிரட் ஜாக்சன் நெறிப்படுத்திய அப்படத்தில் மிக்கி எலி ஒரு கண்டுபிடிப்பாளன். தான் ஆக்கிய இரும்பு மனிதனைக் கொரில்லாக் குரங்கொன்றுடன் குத்துச்சண்டைக்குப் பழக்குகின்றான். மினியின் மோட்டார் வண்டி ஊதுகுழல் ஒலித்தால் எந்திரனுக்கு வெறி பிடித்துவிடும். சண்டையில் அடிபட்டு வீழ்ந்தவனை ஈற்றில் எழுப்பி வெல்லச் செய்வதும் அவ்வொலியே.

குழந்தைகள் சிரிக்கும் கதைதான். ஆயின் அது பிறந்த காலத்தை நோக்குக. அவ்வாண்டில் அமெரிக்கத் தொழிலாளரில் ஏறத்தாழ நால்வருக்கு ஒருவர் வேலையற்றிருந்தனர். படத்திலே போட்டி எந்திரத்துக்கும் விலங்குக்கும் இடையில் நிகழ்கின்றது. தொழிலாளிக்கு அம்மேடையில் இடமில்லை.

'றோபோ' என்ற சொல்லின் வரலாறோ அத்தொழிலாளியின் வரலாறே. செக் நாட்டு எழுத்தாளர் கரெல் சாப்பெக் 1920இல் வெளியிட்ட நாடகத்தினால் அச்சொல் உலகெங்கும் பரவிற்று. அதனை அவருக்கு எடுத்துக் கொடுத்தவர் தமையனார் யோசெப். 'றொபொத்தா' என்பது நிலப்பிரபுவுக்குக் குடியானவன் செய்ய வேண்டியிருந்த கட்டாய வேலை. அந்நாட்டில் 1848இல் ஒழிக்கப்பட்டது. சாப்பெக்கின் நாடகத்தில் வருவோர் இரும்புப் பொம்மைகளல்லர். உழைப்பதற்கென்றே ஆக்கப்பட்ட உயிர்கள் அவை, ஈற்றில் கிளர்ந்தெழுகின்றன.

இப்பொருள் யாழ்ப்பாணத்தவராகிய நமக்குப் புதிதன்று. ஒல்லாந்தர் ஆட்சியில் இங்குள்ள குடிகள் கூலியின்றிச் செய்த கட்டாய வேலைக்கு 'ஊழியம்' என்று பெயர். 1707இல் தொகுக்கப்பெற்ற தேசவழமை, அடிமைகளைப் பற்றித் தனிப்பகுதியே வகுத்திருந்தது. இராசகாரியத்தை 1832ஆம் ஆண்டின் ஆணை நீக்கிற்று. அடிமை முறையைச் சட்டம் ஒழித்தது 1844இல். ஒருவன் இன்னொருவனுக்குக் கருவியாகப் பிறக்கிறான் என்ற எண்ணமோ சட்டத்தோடு மறையவில்லை. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் தாழ்த்தப்பட்ட மக்கள் நுழைவுரிமை கோரிப் போராட நேர்ந்தமை அதற்குச் சான்று.

ஆகவே, வகுப்பறையில் இப்படத்தைக் காட்டும் ஆசிரியர், மாணவர் சிரித்து முடித்த பின் ஒரு வினாவை எழுப்புதல் வேண்டும்: ஊதுகுழல் எவர் கையில் இருக்கின்றது? எந்திரம் மனிதனின் பாரத்தைக் குறைக்குமாயின் அதனை வரவேற்போம். ஆனால் அதன் பயன் உடைமையாளனையே சேர்ந்து, உழைத்தவன் வீதியில் நிற்பானாயின், பழைய ஊழியம் புதிய உருவில் வந்துள்ளதென்றே கொள்ள வேண்டும்.