'கூடைப்பந்துக்கு எதுக்கு கோச்?' - பதில் சொல்லிக் காட்டிய ஆலன்; யார் இவர்?

1891-ல் கூடைப்பந்தை உருவாக்கியவர் ஜேம்ஸ் நைஸ்மித். அமெரிக்காவின் கான்சாஸ் பல்கலைக்கழகத்தில் அவரிடம் பழகிய வீரர்தான் ஃபாரஸ்ட் ஆலன். மூடுபனியில் ஒலிக்கும் கப்பல் ஹாரன் மாதிரி குரல் என்பதால் 'ஃபாக்' ஆலன் ஆனார்.

கோச்சாகப் போகிறேன் என்றதும், 'இதை ஆடினாப் போதும், சொல்லித்தர என்ன இருக்கு' என்கிற ரீதியில் நைஸ்மித் கேட்டதாகச் சொல்வார்கள்.

சாதித்தது என்ன?

கான்சாஸ் கோச்சாக நைஸ்மித்தின் கணக்கு 55 வெற்றி, 60 தோல்வி. ஆலனுக்கோ 39 சீசன்களில் 590 வெற்றி! 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் கூடைப்பந்து இடம்பிடிக்கவும் பாடுபட்டார். 1952-ல் தேசிய சாம்பியன்.

கடைசி ஏமாற்றம்

7 அடி உயர வில்ட் சேம்பர்லினை கான்சாஸுக்கு இழுத்து வந்ததும் ஆலன்தான். ஆனால் அவர் பிரதான அணிக்கு வருவதற்குள், 70 வயது விதியால் 1956-ல் ஆலன் ஓய்வுபெற வேண்டியதாயிற்று. சேம்பர்லின் ஆடியது ஆலன் பெயர் கொண்ட அரங்கில்; கோச் இருக்கையில் மட்டும் ஆலன் இல்லை.