அரும்பும் ஹைடிராவும்

விலங்கு அரும்புமோ என்று என் மாணவப் பருவத்தில் நான் வியந்ததுண்டு. செடியின் சொல் விலங்கியலில் புகுந்ததற்கு ஒரு காரணம் உண்டு.

1740இல் ஹாலந்தின் ஹேக் நகரருகே, பெண்டிங்க் பிரபுவின் மக்களுக்கு ஆசிரியராயிருந்த ஆபிரகாம் டிரெம்பிளே, குளத்துநீரில் பச்சை நிற ஹைடிராவைக் கண்டார். செடியோ என ஐயுற்று இரண்டாக வெட்டினார். இரு துண்டுகளும் முழு உயிர்களாயின! எனினும் அது இடம் பெயர்ந்தது, இரையைப் பற்றி விழுங்கியது, விலங்கேதான். பின்னர் அதன் உடலில் ஒரு புடைப்பு எழுந்து, வளர்ந்து, கைகள் பெற்று, சேயாகப் பிரிந்து சென்றது. இவ்வரும்புதலை லீவன்ஹூக் முன்னரே கண்டிருந்தார். ஆயினும் பொறுமையாய்த் தொடர்ந்து ஆராய்ந்து, 1744இல் நூலாக்கியவர் டிரெம்பிளேயே.

மல்லிகை அரும்போ மலராகும், தனிச் செடியாகாது. ஹைடிராவின் அரும்புக்கு ஒப்புக்காட்ட வேண்டுமாயின், ரணகள்ளி இலையின் விளிம்பில் முளைக்கும் கன்றையே நான் காட்டுவேன்.