துருக்கியில் நிலநடுக்கக் கட்டட இடிவுகளும் குற்றவியல் பொறுப்பும்

நிலநடுக்கத்தில் கட்டடங்கள் இடிந்து மக்கள் இறக்கும்போது, அவற்றைக் கட்டிய ஒப்பந்தக்காரர், வடிவமைத்த பொறியாளர், கட்டடக்கலைஞர், உரிமையாளர் முதலியோர் மீது துருக்கியில் குற்ற வழக்குத் தொடரப்படுகிறது. 1999, 2023 ஆகிய ஆண்டுகளின் பெரும் நிலநடுக்கங்களுக்குப் பின் இத்தகைய வழக்குகள் மிகுதியாக நடந்தன. நில அதிர்வு இயற்கையின் செயல் என்பதை இவ்வழக்குகளில் எவரும் மறுப்பதில்லை. அதே தெருவில் அடுத்த கட்டடம் நிற்க இது மட்டும் ஏன் விழுந்தது என்பது முதற் கேள்வி. விழக்கூடும் என்பது பொறுப்பானவருக்கு எந்த அளவு தெரிந்திருந்தது என்பது இரண்டாவது. தண்டனையின் அளவு பெரிதும் இரண்டாவது கேள்விக்கான விடையைப் பொறுத்தே அமைகிறது.

== சட்ட நிலை ==

ஜூன் 1, 2005 முதல் நடைமுறையில் உள்ள துருக்கியத் தண்டனைச் சட்டம் (எண் 5237) இங்கு பொருந்தும் மூன்று படிநிலைகளைக் காட்டுகிறது.

முதலாவது கவனக்குறைவு. விளைவை எண்ணிப் பார்த்திருக்க வேண்டியவர் எண்ணிப் பாராமல் விடுவது இது. இரண்டாவது அறிந்த கவனக்குறைவு: விளைவு நேரலாம் என உணர்ந்தும், நேராது என நம்பிச் செயற்படுவது. மூன்றாவது, நேரலாம் என உணர்ந்தும் நேர்ந்தால் நேரட்டும் என்று செயற்படுவது. இம்மூன்றாவது, கொலைக் குற்றத்தின் ஒரு வகையாகவே கொள்ளப்படுகிறது.

ஓர் எடுத்துக்காட்டைக் கொள்ளலாம். கீழ்த்தளத்தில் கடைக்கு இடம் வேண்டி ஒரு தூண் அகற்றப்படுகிறது. அதன் விளைவைச் சிந்திக்காதவர் முதற் படியில் நிற்கிறார். "இத்தனை நாள் நின்றது, இனியும் நிற்கும்" என்பவர் இரண்டாம் படியில் நிற்கிறார். "விழுந்தால் விழட்டும்" என்பவர் மூன்றாம் படியில் நிற்கிறார். இரண்டாமவரையும் மூன்றாமவரையும் பிரிப்பது அவர்களது மனநிலை மட்டுமே. தூணோ எல்லோருக்கும் ஒரே விதமாகத்தான் அகற்றப்பட்டது.

கீழே கூறப்படும் 2024 தீர்ப்பின்போது இருந்த சட்டப்படி, ஒருவருக்கு மேற்பட்டோர் இறந்த கவனக்குறைவு வழக்கில் 2 முதல் 15 ஆண்டுகள் வரை சிறை விதிக்கலாம். அறிந்த கவனக்குறைவெனில் தண்டனை மூன்றில் ஒரு பங்கு முதல் பாதி வரை கூடும். எனவே மேல் வரம்பு 22 ஆண்டு 6 மாதம். எத்தனை பேர் இறந்தாலும் இவ்வரம்பு மாறாது. மூன்றாம் படியிலோ ஒவ்வோர் உயிருக்கும் தனித்தனியே 20 முதல் 25 ஆண்டுகள். இறந்தவர் சிறுவர் எனில் ஆயுள் தண்டனை.

== 1999 நிலநடுக்கம் ==

ஆகஸ்ட் 17, 1999 அன்று இஸ்மித் பகுதியைத் தாக்கிய 7.6 அளவு நிலநடுக்கத்தில் 17,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அதன் பின் தொடரப்பட்ட சுமார் 2,100 வழக்குகளில் பெரும்பாலானவை, 2000 டிசம்பரில் இயற்றப்பட்ட நிபந்தனை விடுதலைச் சட்டத்தால் தண்டனையின்றி முடிந்தன. எஞ்சியவற்றுள் பல, பழைய சட்டத்தின் ஏழரை ஆண்டுக் காலவரையறை கடந்து 2007 இல் கைவிடப்பட்டன. காலத்தைக் கட்டடம் கட்டிய நாளிலிருந்து கணக்கிடுவதா, இறப்பு நேர்ந்த நாளிலிருந்து கணக்கிடுவதா என்ற வாதமும் எழுந்தது. இறப்பு நேர்ந்த நாளே கணக்கு என்பது பின்னர் நிலைபெற்றது. இல்லாவிடில் பழைய கட்டடங்களைக் கட்டியோர் மீது வழக்கே தொடர இயலாது.

யாலோவாவில் குடியிருப்புகள் கட்டிய ஓர் ஒப்பந்தக்காரருக்கு 18 ஆண்டு 9 மாதச் சிறை விதிக்கப்பட்டது. அவர் சுமார் ஏழரை ஆண்டுகள் சிறையில் இருந்தார். அக்காலத்தில் மிகவும் அறியப்பட்ட வழக்கு இதுவே.

== இசியாஸ் விடுதி வழக்கு ==

பெப்ரவரி 6, 2023 அதிகாலை 4:17 மணிக்கு ஏற்பட்ட 7.8 அளவு நிலநடுக்கத்தாலும் அதே நாளின் அடுத்த பெரும் நிலநடுக்கத்தாலும் துருக்கியில் 53,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அடியமான் நகரில் இசியாஸ் விடுதி இடிந்து 72 பேர் இறந்தனர். அவர்களுள் 35 பேர், பள்ளிக் கைப்பந்துப் போட்டிக்காக வட சைப்பிரசின் ஃபமகுஸ்டாவிலிருந்து வந்த மாணவர்களும் ஆசிரியர்களும் பெற்றோர்களுமாவர்.

குடியிருப்பாகத் தொடங்கிய கட்டடம் பின்னர் விடுதியாக மாற்றப்பட்டதும், சட்டத்துக்கு மாறாக ஒரு தளம் கூட்டப்பட்டதும், காங்கிரீட்டில் ஆற்றுப்படுகை மணலும் கூழாங்கற்களும் இருந்ததும் வல்லுநர் அறிக்கைகளில் கூறப்பட்டன. ஆற்று மணலை நல்ல பொருளாகக் கருதும் நம் வாசகர்களுக்கு இது வியப்பளிக்கலாம். ஆற்று மணல் என்பதே குறையன்று. சலித்துத் தரம் பிரிக்காத மணலில் மண்ணும் கலந்திருக்கும். வழவழப்பான உருண்டைக் கற்களைச் சிமெந்து உடைகல்லைப் போல் பற்றிக்கொள்வதில்லை.

வழக்கு விசாரணை ஜனவரி 3, 2024 அன்று தொடங்கியது. மூன்றாம் படிநிலையிலேயே தண்டிக்க வேண்டும் எனக் குடும்பத்தினர் கோரினர். டிசம்பர் 25, 2024 அன்று அளித்த தீர்ப்பில் நீதிமன்றம் அறிந்த கவனக்குறைவு என்றே முடிவு செய்து, விடுதி உரிமையாளருக்கும் கட்டடக்கலைஞருக்கும் 18 ஆண்டு 5 மாதச் சிறை விதித்தது. குடும்பத்தினர் இதை ஏற்கவில்லை.

== சான்றுகள் ==

இடிபாடுகளே முதன்மைச் சான்று. காங்கிரீட்டைத் துளைத்து எடுக்கும் உருளை மாதிரிகளை அழுத்தி வலிமை அளக்கப்படுகிறது. கம்பி முறுக்கியதா வழவழப்பானதா, தூணைச் சுற்றிய வளையங்கள் எவ்வளவு இடைவெளியில் உள்ளன, வளைய முனைகள் உள்நோக்கி மடிக்கப்பட்டுள்ளனவா என்பவையும் பார்க்கப்படுகின்றன. வளையம் நெருக்கமாக இல்லாத தூண், அதிர்வில் காங்கிரீட் உதிர்ந்து கம்பிகள் வளைந்து நொறுங்கும். ஆனால் மீட்புப் பணிக்காக இடிபாடுகள் விரைந்து அகற்றப்படும்போது இச்சான்றுகளும் லாரியில் ஏறிப் போய்விடுகின்றன. 2023 இல் இதற்கெனத் தனி விசாரணைப் பிரிவுகள் அமைக்கப்பட்டு, மாதிரிகள் சேகரிக்கப்பட்டன.

== அரசின் பங்கு ==

உரிமம் வழங்கிய அதிகாரிகள் மீது வழக்குத் தொடர 1999 ஆம் ஆண்டின் 4483 ஆம் எண் சட்டப்படி முன் அனுமதி தேவை. ஒப்பந்தக்காரர் கைதாகும் வேகத்தில் அதிகாரிகள் நீதிமன்றம் வராததற்கு இது முக்கியக் காரணம். 2001 ஆம் ஆண்டின் கட்டட ஆய்வுச் சட்டம் தனியார் ஆய்வு நிறுவனங்களை ஏற்படுத்தியது. எனினும் 2019 வரை அந்நிறுவனத்தைத் தெரிவு செய்தவர் பெரும்பாலும் ஆய்வுக்குரிய ஒப்பந்தக்காரரே. 2018 இல் விதிமீறிய கட்டடங்களுக்குக் கட்டணம் பெற்றுப் பதிவு வழங்கப்பட்டது. நிலநடுக்கத்தைத் தாங்கும் பொறுப்பு உரிமையாளருடையது என அச்சட்டம் கூறிற்று.

== பிற நாடுகள் ==

தாய்வானின் தாய்னான் நகரில் பெப்ரவரி 6, 2016 நிலநடுக்கத்தில் ஒரே குடியிருப்புத் தொகுதி சாய்ந்து 115 பேர் இறந்தனர். கட்டுநர் உள்ளிட்ட ஐவருக்குத் தலா 5 ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது. அக்குற்றத்துக்கு அங்கு அதுவே உச்சத் தண்டனை. இந்தியாவில் கவனக்குறைவால் இறப்பு விளைவித்தலுக்குப் பழைய தண்டனைச் சட்டத்தின் 304அ பிரிவு 2 ஆண்டுகளையே உச்சமாக வைத்திருந்தது. ஜூலை 1, 2024 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதா அதை 5 ஆண்டுகளாக உயர்த்தியது.