கதிர்காம யந்திரம்

கதிர்காம யந்திரம், இலங்கையின் ஊவா மாகாணத்தில் மொனராகலை மாவட்டத்தைச் சேர்ந்த கதிர்காமத் திருத்தலத்தில் மூலவரின் இடத்தில் வைத்து வழிபடப்படும் புனிதச் சின்னம். இது முருகப் பெருமானுக்குரிய அறுகோணச் சக்கரம் என்றும், தங்கத் தகட்டில் பொறிக்கப்பட்டது என்றும் மரபு கூறுகிறது. பேழைக்குள் மூடி வைக்கப்பட்டிருப்பதால் அடியார்கள் இதைக் கண்ணால் காண்பதில்லை. முதன்மைக் கோயிலான மகா தேவாலயத்தில் அவர்கள் கும்பிடுவது திரைச்சீலையை. அதில் மயில்மேல் இரு தேவியரோடு வீற்றிருக்கும் முருகனின் ஓவியம் உண்டு. சிலையில்லாத முருகன் கோயிலுக்கு நாடெங்கும் இருந்து கூட்டம் திரள்வது இந்தப் பேழைக்காகத்தான்.

முருக வழிபாட்டில் அறுகோணச் சக்கரம் பொதுவானது. மேல்நோக்கிய முக்கோணம் சிவத்தையும் கீழ்நோக்கியது சக்தியையும் குறிக்கும். இரண்டும் பிணைந்து உண்டாகும் ஆறு மூலைகளில் ‘சரவணபவ’ என்னும் ஆறெழுத்தும் அமையும். கடைகளில் கதிர்காம யந்திரம் என்று விற்கப்படும் செப்புத் தகடுகள் இந்தப் பொதுச் சக்கரத்தின் வடிவங்களே. பேழைக்குள் இருப்பதன் படியென்று அவற்றைக் கொள்ள முடியாது.

தோற்றக் கதையின் நாயகர் கல்யாணகிரி என்னும் வட இந்தியத் துறவி. முருகனைத் திரும்ப வடக்கே அழைத்துச் செல்ல வந்த அவர், கதிர்காமத்தில் 12 ஆண்டுகள் தவம் செய்தார். வேடர் குலச் சிறுவனும் சிறுமியும் அவருக்குப் பணிவிடை செய்துவந்தனர். ஒருநாள் உறக்கம் கலைந்த கோபத்தில் அவர் சிறுவனை விரட்ட, அவன் அங்கே ஓடும் மாணிக்க கங்கை ஆற்றின் நடுத்திட்டுக்கு ஓடி முருகனாகக் காட்சி தந்தான். உடனிருந்த வள்ளி, தன் கணவனைத் தன்னிடமிருந்து பிரிக்க வேண்டாமென்று மாங்கல்யப் பிச்சை கேட்டாள். துறவி மனம் இரங்கி அங்கேயே தங்கினார். யந்திரத்தை எழுதி நிறுவினார். மறைந்தபின் அவர் முத்துலிங்கமானார் என்பது நம்பிக்கை; முத்துலிங்க சுவாமி கோயில் இன்றும் அங்கே உண்டு. சேர் பொன்னம்பலம் அருணாசலம் கதிர்காம வழிபாடு பற்றி எழுதிய ஆங்கிலக் கட்டுரை இந்தக் கதையை வெளியுலகுக்குக் கொண்டு சென்றது. சக்கரம் பிறந்த கதை, ஒரு வேடுவப் பெண்ணின் வேண்டுதலில் வந்து முடிவதுதான் இதில் எனக்குப் பெரிதாகப் படுகிறது. ஆகமமும் வேடர் மரபும் இங்கே ஒன்றையொன்று தள்ளவில்லை.

பூசை கப்புறாளைமார் எனப்படும் சிங்களப் பரம்பரைப் பூசகர்களுடையது. வெள்ளைத் துணியால் வாயைக் கட்டிக்கொண்டு, மந்திரம் ஓதாமல் செய்வார்கள். தொண்டைமானாறு செல்வச்சந்நிதியிலும் மட்டக்களப்பு மண்டூரிலும் நடக்கும் வாய்கட்டிப் பூசை இதே வழியைச் சேர்ந்தது. ஆண்டுதோறும் ஆடி மாதத்தை ஒட்டி, பெரும்பாலும் ஜூலை அல்லது ஆகஸ்டில் பெருவிழா நடக்கும். அந்த இரவுகளில் பேழையை யானைமேல் ஏற்றி, வீதியின் மறுமுனையிலுள்ள வள்ளி அம்மன் கோயிலுக்குக் கொண்டுபோய்ச் சிறிது நேரம் வைத்து, திரும்ப எடுத்து வருவார்கள். காவடியும் கற்பூரச் சட்டியும் “அரோகரா” ஒலியும் முன்செல்லும். நிறைவு நாளில் மாணிக்க கங்கையில் நீர்வெட்டுச் சடங்கு. கோயில் வளாகத்துப் பள்ளிவாசலிலும் இதே காலத்தில் கொடியேற்றம் உண்டு.

15ஆம் நூற்றாண்டின் அருணகிரிநாதர் இத்தலத்தைத் திருப்புகழில் பாடியுள்ளார். கண்டி மன்னனிடம் கைதியாக இருந்த இராபர்ட் நொக்ஸ், 1681இல் வெளியான தம் நூலில் இதைக் குறிப்பிட்டார். ஆங்கிலேயர் ஆட்சியில் வாந்திபேதி பரவும் அச்சத்தால் யாத்திரைக்குக் கட்டுப்பாடுகள் வந்தன. அம்பாந்தோட்டையில் 1908 முதல் 1911 வரை உதவி அரசாங்க அதிபராக இருந்த லெனார்ட் வூல்ஃப், யாத்திரைக் கூட்டத்தை மேற்பார்வையிட்டவர்களில் ஒருவர்.

ஊவாவின் தேயிலைத் தோட்டங்களுக்குக் கதிர்காமம் தங்கள் மாகாணத்துச் சாமி. பதுளை, அப்புத்தளை, பண்டாரவளைப் பக்கத்தவர்க்கு எல்லக் கணவாய் வழியாக வெல்லவாயவுக்கு இறங்கிப் புத்தல செல்லும் பாதை. பசறைப் பக்கத்தவர்க்கு மொனராகலை வழி. தமிழகத்திலிருந்து 19ஆம் நூற்றாண்டில் வந்த தொழிலாளர், லயம் எனப்படும் வரிசை வீடுகளுக்கு அருகே மரத்தடியில் கல்லையும் சூலத்தையும் வேலையும் நட்டுத்தான் முதலில் கும்பிட்டார்கள். தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டும் மலைக்குக் கவ்வாத்துசாமியும், தேயிலை ஆலையின் சக்கரத்துக்கு ரோதமுனியும் காவலானார்கள். விமானமும் கற்சிலையும் கொண்ட கோயில்கள் பிறகு எழுந்தவை. சிலையில்லாமல் தெய்வத்தை உணரப் பழகிய அந்த மக்களுக்குத் திரைக்குப் பின்னாலிருக்கும் முருகன் அந்நியமாகத் தோன்றியிருக்க நியாயமில்லை. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் அவர்களில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. அந்தச் சட்டம் பிரித்துவைத்த சிங்களவரும் தோட்டத் தமிழரும் ஒரே பேழையைத்தான் வணங்கினார்கள்.

பதுளை நகரின் நடுவிலும் ஒரு கதிர்காம தேவாலயம் உண்டு. நேர்த்திக்கடன் வைத்த தோட்டக் குடும்பங்களோ இன்றும் காவடியோடு மாணிக்க கங்கைக்கே போகிறார்கள்.

பேழையைத் திறந்து படமெடுத்து ஆராய வேண்டும் என்று ஒருவர் விரும்பலாம். தகட்டின் உலோகத்தையும் எழுத்தையும் அதனால் அறியலாமே தவிர, வழிபாட்டை அறிய முடியாது. சிங்களவர், தமிழர், வேடர் என எல்லோரையும் ஒரே வீதியில் நிறுத்துவது எவரும் தம் கண்ணால் உரிமை கொண்டாட முடியாத இந்தச் சின்னம். அது மூடியே இருப்பதுதான் சரி.