ஹியூ கிளெக்ஹோர்ன் (1752–1837)

ஸ்கொட்லாந்து வரலாற்றுப் பேராசிரியர். பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தில் பிரித்தானியாவின் இரகசியத் தூதர். இலங்கையின் முதலாவது குடியேற்றநாட்டுச் செயலாளர். 1773 முதல் செயின்ட் அன்ட்ரூஸ் பல்கலைக்கழகத்தில் கற்பித்தார்.

1795 தொடக்கத்தில் பிரெஞ்சுப் புரட்சிப் படை ஒல்லாந்தைப் பிடித்ததும், ஆட்சித் தலைவர் ஐந்தாம் வில்லியம் இங்கிலாந்துக்குத் தப்பினார். ஒல்லாந்தர் வசமிருந்த இலங்கையும் பிரெஞ்சுக்காரர் கைக்குப் போய்விடும் என்று இலண்டன் பயந்தது. கொழும்பைக் காத்து நின்ற ஒல்லாந்தப் படையின் வலு, கூலிக்கு அமர்த்திய சுவிஸ் டி மியூறன் படைப்பிரிவில் இருந்தது. அதன் உரிமையாளரான கோமகன் சார்ள்ஸ் டி மியூறன் இன்றைய சுவிட்சர்லாந்திலுள்ள நெஷாத்தெலில் குடியிருந்தார். அங்கே போன கிளெக்ஹோர்ன் அவரோடு பேரம் பேசி, மார்ச் 30இல் ஒப்பந்தம் எழுதி, படைப்பிரிவைப் பிரித்தானியாவின் பக்கம் திருப்பினார். பிறகு இருவரும் வெனிஸ், எகிப்து வழியாகத் தென்னிந்தியா வந்தனர். கொழும்பில் படையை நடத்திய கோமகனின் தம்பிக்கு அண்ணனின் கடிதம் ஒல்லாந்தப் பாற்கட்டி ஒன்றுக்குள் ஒளித்து அனுப்பப்பட்டதாகச் சொல்வர். படைப்பிரிவு விலகியது, 1796 பெப்ரவரியில் கொழும்பு சரணடைந்தது.

வடக்கிலுள்ள வன்னியைப் பிடிக்க இந்தச் சூழ்ச்சி தேவைப்படவில்லை. யாழ்ப்பாணம் வீழ்ந்த சில நாட்களிலேயே, 1795 ஒக்ரோபர் 1இல், முல்லைத்தீவு பிரித்தானியர் வசமானது. கொடி மாறியதை வன்னி ஏற்றதாகவும் சொல்ல முடியாது. 1803 ஓகஸ்டில் வன்னித் தலைவன் பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைத் தாக்க, காவற்படை கடல்வழியே யாழ்ப்பாணத்துக்கு ஓடியது. ஒக்ரோபர் 31இல் பிரித்தானியப் படையின் கப்டன் ட்றிபேர்க் அவரைத் தோற்கடித்ததைக் கூறும் கல்லொன்று ஒட்டுசுட்டானை அடுத்த கற்சிலைமடுவில் நாட்டப்பட்டது.

அதற்குள் கிளெக்ஹோர்ன் நாடு திரும்பிவிட்டார். 1798இல் ஆளுநர் நோர்த்துடன் பதவியேற்க வந்தவர், முத்துக்குளிப்பு நிர்வாகம் தொடர்பான குற்றச்சாட்டில் அவரோடு முரண்பட்டு 1800இல் வெளியேறினார்.

தமிழர் அவரை நினைப்பது 1799இல் எழுதிய அறிக்கையால்தான். சிங்களவர் தெற்கிலும் மேற்கிலும் வளவை கங்கை முதல் சிலாபம் வரையும், தமிழர் வடக்கிலும் கிழக்கிலும் என, இரு தேசத்தார் பண்டைக்காலம் முதல் தீவைப் பங்கிட்டிருந்ததாக அது கூறுகிறது. தமிழ்த் தேசிய அரசியல் இவ்வரிகளை விடாது பற்றிக்கொண்டது. அதே அறிக்கை சிங்களவர் சீயத்திலிருந்து (இன்றைய தாய்லாந்து) வந்தவர்கள் என்றும் சொல்கிறது. அந்தத் தவறை மேடைகள் எடுத்துப் பேசுவதில்லை. சிங்கள வரலாற்றாசிரியர்கள் சிலரோ அதைக் காட்டியே முழு அறிக்கையையும் தள்ளிவிடுகின்றனர். இரண்டு ஆண்டுகூட இங்கே தங்காத ஒருவரின் எழுத்தை ஒரே சாட்சியாகக் கொள்வது எந்தப் பக்கத்துக்கும் பலம் தராது. நில எல்லைக்கு ஒல்லாந்தர் கால நிர்வாக ஆவணங்களே உறுதியான ஆதாரம்.