முயலண்ணன் கடந்து வந்த வழி

ஆங்கிலப் பள்ளியில் பயின்ற நாளில், பாடநூல் ஒன்றின் வாயிலாகவே முயலண்ணனை நாம் முதன்முதல் அறிந்தோம். நரி செய்து வைத்த தார்ப் பொம்மை தன் வணக்கத்துக்கு மறுமொழி கூறவில்லையென்று முயல் சினந்து அறைகின்றது. அறைந்த கை ஒட்டிக்கொள்கின்றது. பின்னர் மறு கையும் கால்களும் தலையும் ஒட்டிக்கொள்கின்றன. முட்புதரில் மட்டும் எறிந்துவிடாதே என்று நரியிடம் மன்றாடி, தான் பிறந்து வளர்ந்த அப்புதரிலேயே எறியப்பட்டு முயல் தப்பிவிடுகின்றது. வகுப்பே சிரித்தது, நாமும் சிரித்தோம். இது யார் யாருக்குச் சொன்ன கதை என்பதை ஆசிரியர் கூறவில்லை, நாமும் வினவவில்லை. தோட்டத்துக் கிராணியாகிப் பேரேட்டின் முன் அமர்ந்த பின்னரே அவ்வினா நமக்கு எழுந்தது.

இக்கதை அச்சேறிய வரலாறும் ஒரு தோட்டத்திலேதான் தொடங்குகின்றது. அமெரிக்காவின் தென்பகுதியாகிய ஜார்ஜியாவில், ஈட்டன்டன் என்னும் ஊருக்கு அணித்தே டர்ன்வோல்ட் என்றொரு பெருந்தோட்டம் இருந்தது. அதன் உடைமையாளர் டர்னர், தோட்டத்திலேயே அச்சுக்கூடம் வைத்து வாரத்தாள் ஒன்று நடத்தி வந்தார். ஜோயல் சாண்ட்லர் ஹாரிஸ் என்னும் ஏழை வெள்ளைச் சிறுவன் 1862இல் அங்கு அச்சுக் கோக்க வந்து சேர்ந்தான். வேலை ஓய்ந்த வேளையில் அடிமைகளின் குடிசைகளுக்குச் சென்று அமர்வான். ஜார்ஜ் டெரல், ஹார்பர்ட், கிரிஸ்ஸி முதலியோர் சொன்ன கதைகள் அவன் செவியில் தங்கின.

அம்மக்களின் முன்னோர் ஆப்பிரிக்காவிலிருந்து விலங்கிட்டுக் கொணரப்பட்டோர். பொருள் எதுவும் எடுத்துவர இயலாதவர் கதைகளை எடுத்து வந்தனர். மேற்கு ஆப்பிரிக்காவின் ஊலோப் மக்களிடையே 'லெயுக்' என்னும் முயல் கழுதைப்புலியை ஏய்க்கும் கதைகள் உண்டு. ஜார்ஜியாவிலோ நரியும் ஓநாயும் கரடியும் ஏமாறின. அடிமைக்கு எழுத்துக் கற்பிப்பதைத் தண்டனைக்குரிய குற்றமாக்கி அங்கு 1829இல் சட்டம் செய்திருந்தனர். ஆகவே ஏடும் எழுத்தும் மறுக்கப்பட்டவர்க்கு இக்கதைகளே ஏடாயின.

முயல் நற்குணச் செல்வன் என்று எண்ணிவிடல் வேண்டா. அது பொய் சொல்லும். பிறர் உணவைத் திருடும். சில கதைகளில் கொலைக்கும் அஞ்சாது. அறநூல் பயின்ற நம்மவர் சிலர் இதனைக் கேட்டு முகம் சுளிக்கக்கூடும். தாயிடமிருந்து பிள்ளையைப் பிரித்து விற்கும் உரிமை பெற்றிருந்த எசமானிடம், மெய் ஒன்றையே பேசி எவர் பிழைத்திருப்பார்? வலிமையற்ற விலங்கு ஏன் வெல்கின்றது என்பதை ஹாரிஸும் உணர்ந்திருந்தார்; தம் முன்னுரையில் அதனைக் குறித்திருக்கின்றார்.

அடிமை முறை 1865இல் ஒழிந்தது. ஹாரிஸ் அட்லாண்டா நகரத்து நாளிதழ் ஒன்றில் 1879 முதல் இக்கதைகளை எழுதலானார். 1880இல் முதல் நூல் வெளிவந்தது. கதை சொல்வதற்கு ரீமஸ் மாமா என்னும் முதியவரை அவர் படைத்தார். கேட்பதற்கோ, எசமான் வீட்டு வெள்ளைப் பிள்ளையை அவர் காலடியில் அமர்த்தினார். முயல் மாறவில்லை, நரி மாறவில்லை, கேட்பவர் மாறிவிட்டார். குடிசையில் தம்முள் தாமே சொல்லிச் சிரித்த கதை, பங்களாப் பிள்ளைக்குப் பொழுதுபோக்காயிற்று. ஆயினும் ரீமஸ் ஒரு குறும்பு செய்கின்றார். முயல் தாரில் ஒட்டிக்கொண்ட இடத்திலே கதையை நிறுத்திவிடுகின்றார். நரி தின்றுவிட்டதா என்று பிள்ளை கேட்க, கதை அவ்வளவுதான் என்கின்றார். முட்புதரைப் பற்றி அறியப் பிள்ளை இன்னொரு நாள் காத்திருக்க வேண்டியதாயிற்று. நமக்கு மிகவும் பிடித்த இடம் இதுவே.

ஈட்டன்டனிலேயே பிறந்த கறுப்பின எழுத்தாளர் ஆலிஸ் வாக்கர், தம் மரபுச் செல்வத்தை ஹாரிஸ் திருடிவிட்டார் என்று எழுதினார். ஹாரிஸைக் கள்வர் என்று தள்ளிவிட நம் மனம் ஒருப்படவில்லை. பிறர் உழைப்பைத் தன் கையெழுத்தில் பதிவது கிராணியின் தொழிலும் ஆகும்.

வால்ட் டிஸ்னி இக்கதைகளைப் படமாக்கி 1946 நவம்பரில் அட்லாண்டாவில் முதற்காட்சி நடத்தினார். மனிதர் நடித்த பகுதிகளுக்கிடையே முயலும் நரியும் கரடியும் வண்ணக் கார்ட்டூனாய் ஓடின. ரீமஸாக நடித்து, நரிக்கும் குரல் கொடுத்த ஜேம்ஸ் பாஸ்கெட் அவ்விழாவுக்கு வரவில்லை. கறுப்பரையும் வெள்ளையரையும் பிரித்து வைத்த நகரம் அது. தோட்ட வாழ்வு இன்பமயமாய் இருந்ததென்று படம் காட்டியதைக் கறுப்பினச் சங்கத்தார் கண்டித்தனர். பாஸ்கெட்டுக்கு 1948இல் சிறப்பு ஆஸ்கார் விருது அளிக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே அவர் மறைந்தார். அமெரிக்கக் கொட்டகைகளில் 1986க்குப் பின் அப்படம் திரையிடப்படவில்லை.

அதற்கு மறு ஆண்டு, கறுப்பின எழுத்தாளர் ஜூலியஸ் லெஸ்டர் இதே கதைகளைத் தம் நடையில் எழுதி வெளியிட்டார். வெள்ளைப் பிள்ளையை நீக்கிவிட்டார். படிப்பவரே எதிரே அமர்ந்து கேட்கின்றார். ஆப்பிரிக்காவிலோ 1953இலேயே, பின்னாளில் செனகல் நாட்டின் தலைவரான செங்கோர், நண்பர் சாஜியுடன் சேர்ந்து லெயுக் முயலின் கதையைப் பள்ளிப் பாடநூலாக்கியிருந்தார்.

சென்ற ஆண்டு நம் தோட்டத்து லயத்தில், பால்மரம் வெட்டி ஓய்ந்த மூதாட்டி ஒருவர் பேரக் குழந்தைகளுக்கு நரிக் கதை சொல்லிக்கொண்டிருந்தார். நாம் அருகில் அமர்ந்து, சட்டைப் பையிலிருந்து தாளும் பேனாவும் எடுத்தோம். பாட்டி கதையை நிறுத்தினார்.

"கிராணி ஐயா, இது யாருக்கு?" என்று கேட்டார்.